மாப்பிள்ளை வீட்டுக்குக் கேரமல் காபி

கே.கே. நகர் போகும் டவுன் பஸ்ஸில் எனக்கு முன்சீட்டில் இரண்டு பெண்கள், வேலை முடிந்து வீடு திரும்புகிறவர்கள். ஜன்னலோரம் இருந்தவள் போனில் பேசி முடித்துவிட்டுத் தோழியிடம் சொன்னாள்.

“மாப்பிள்ளையத்தான் வேணாம்னேன். அவுக அம்மா தெனமும் போன் பண்றாக.”

“அந்தப் பரவை ஊர்க்காரகளா? எதுக்குடி?”

“காபிக்கு. பொண்ணு பாக்க வந்தன்னைக்கு நல்ல வெயிலு. டிகாக்ஷன், பாலு, ஐஸ், கேரமல் சிரப் எல்லாத்தையும் மிக்ஸியில அடிச்சுக் குடுத்தேன். அவரு ஒரு வாய் குடிச்சுட்டு, ‘எங்க வீட்டுக்கு இதெல்லாம் ஆகாது, ஆபீஸ் போறதையும் நிப்பாட்டிரணும்’னாரு.”

“அவுக அம்மா?”

“கிளாஸக் காலி பண்ணிட்டு இன்னொண்ணு கேட்டாக.”

தோழி சிரித்தாள்.

“வேணாம்னு சொல்லிவிட்ட மறுநாளே போன். வையப் போறாகன்னு பயந்துக்கிட்டே எடுத்தேன். ‘ஏத்தா, அந்த சிரப் எந்தக் கடையில வாங்குன?’ன்னாக. அப்பறம் ஒருநா, காபி தண்ணியா வருதுன்னாக. டிகாக்ஷன நல்லா ஆற வச்சு ஊத்துங்கத்தைன்னேன்.”

“அத்தையா?”

“வேற எப்படிக் கூப்பிட?”

“மகனுக்குத் தெரியுமா?”

“அவரு வேலைக்குப் போனப்பறம்தேன் மிக்ஸியப் போடுவாக. நேத்து அவருக்கு லீவு. அவருக்கும் ஒரு கிளாஸ் குடுத்திருக்காக. முழுசாக் குடிச்சுட்டு, யாரு சொல்லிக் குடுத்ததுன்னு கேட்டாராம்.”

“என்ன சொன்னாகளாம்?”

“‘உன்னைய வேணாம்னு சொன்ன புள்ள’ன்னாகளாம்.”