தாய்மீன் தொட்டியின் சாவி

இந்த அவைக்குத் தலைமை தாங்கி, என் பேச்சைப் பல்லாண்டுகளாகப் பொறுமையோடு கேட்டுப் பழகிய தலைவர் அவர்களே, ஏரிக்கரைக்கு எங்களுக்கு முன்பே வந்து எங்களுக்குப் பின்பும் அமர்ந்திருக்கும் மூத்தவர்களே, ஞாயிறுதோறும் வெறுங்கையோடு வீடு திரும்பும் கணவன்மாருக்கும் முகம் சுளிக்காமல் சோறிடும் தாய்மார்களே, தூண்டிலைத் துணையாகக் கொண்ட தோழர்களே, கடைசி வரிசையில் கதவோரம் தனியாக அமர்ந்திருக்கும் மீன்பண்ணைக்காரரே, உங்கள் அனைவர் முன்னும் தலை தாழ்த்தி நிற்கிறேன்.

தாய்மார்கள் பக்கம் சிரிப்புச் சத்தம் கேட்கிறது. சிரியுங்கள் அம்மா. நான் சொல்ல வந்த செய்தியில் சிரிப்புக்கு இடமிருப்பது இதுவரைதான்.

இன்று இந்த மன்றத்தின் முன் ஒரே ஒரு தீர்மானம் இருக்கிறது. ஏரிக்கு மேற்கே இருக்கும் ஜிலேபி மீன் பண்ணையின் உரிமத்தை ரத்து செய்ய வேண்டும் என்று அரசைக் கேட்கும் தீர்மானம். அதை எழுதியவன் யார்? நம் தூண்டில்காரர் சங்கத்தின் செயலாளராகிய நான். அதை விளக்கிப் பேசி உங்கள் கைகளை உயர்த்த வைக்க வந்தவன் யார்? அவனும் நான்தான். அந்தப் பண்ணைக்காரர் யார்? என் மனைவியின் தம்பி. சொந்த மைத்துனர் என்றும் பாராமல் எழுதியிருக்கிறாரே, இவரல்லவா நேர்மையாளர் என்று உங்களில் பலர் என் தோளைத் தட்டினீர்கள். தட்டிய இடமெல்லாம் இப்போது வலிக்கிறது.

நம் சங்கத்தின் பெருமை எது? கட்டடமா? கோப்பைகளா? இல்லை. விதி. கையளவுக்குக் குறைந்த மீன் நம் கூடைக்குப் போகாது. இரண்டுக்கு மேற்பட்ட மீன் நம் வீட்டுக்குப் போகாது. சினை மாதங்களில் நம் தூண்டில் தண்ணீருக்கே போகாது. போட்டி நாள் வந்தாலோ, பிடித்த மீனைப் பலகையில் வைத்து அளந்து, படம் எடுத்து, பத்திரமாகத் திருப்பி விடுவோம். பிடித்த உயிரைத் திருப்பித் தருவதே வீரம் என்று இதே மேடையில், இதே ஒலிவாங்கியில், நானே முழங்கியிருக்கிறேன்.

அந்த விதியைக் கண்ணும் கருத்துமாகக் காத்தே நாம் இந்த ஏரியைக் கெடுத்தோம். "என்ன சொல்றீங்க?" என்று யாரோ கேட்கிறார். சொல்கிறேன் ஐயா, அதைச் சொல்லத்தான் நிற்கிறேன்.

கெண்டை எங்கே? கெளுத்தி எங்கே? விரால் எங்கே? மூன்று ஆண்டுகளாகத் தூண்டில் போட்டால் ஜிலேபி, காத்திருந்தால் ஜிலேபி, களைத்துத் திரும்பும்போதும் ஜிலேபி. வெளிநாட்டிலிருந்து வளர்ப்புக்கு வந்த மீன் எப்படி ஏரிக்குள் வந்தது? பண்ணைக் குளத்திலிருந்து தப்பியது என்றோம். மீன்வளத் துறை அதிகாரி வந்தார், வடிகால் வலைகளைப் பார்த்தார், ஓட்டை இல்லை என்றார். நாம் நம்பவில்லை.

பல வருடங்களுக்கு முன் என் மைத்துனர் தம் தொழிலை எனக்கு விளக்கினார். அவர் சொன்னபடியே சொல்கிறேன். "மாமா, இதைச் சும்மா விட்டா குஞ்சு மேல குஞ்சா வச்சுக் குளத்தையே ரொப்பிடும். அப்புறம் ஒண்ணும் பெருசா வளராது. அதனால குளத்துல வெறும் ஆண் மீனை மட்டும்தான் விடறோம். தாயும் தகப்பனும் ஷெட்டுக்குள்ள, தொட்டியில இருக்கும். அதுக்கு எப்பவும் பூட்டுதான்." அந்தப் பூட்டுக்கு இரண்டு சாவிகள். ஒன்று அவரிடம். மற்றொன்று, ஆத்திர அவசரத்துக்கு ஆகட்டும் என்று, என் வீட்டுச் சமையலறை ஆணியில்.

மூன்று ஆண்டுகளுக்கு முன் நடந்த நம் பெரும்போட்டி நினைவிருக்கிறதா? வெளியூர்ச் சங்கங்களை எல்லாம் அழைத்திருந்தோம். முந்தின நாள் காலை முழுவதும் நான் தூண்டில் போட்டும் ஒரு மீன் கடிக்கவில்லை. நாளைக்கு நம் மானம் கப்பலேறிவிடுமே என்று பதறினேன். மைத்துனர் தீவனம் வாங்க வெளியூர் போயிருந்தார். ஆணியிலிருந்த சாவியை எடுத்தேன். குளத்தில் இறங்கினால் இடுப்பளவு சேறு. தொட்டியோ கைக்கெட்டும் உயரம், உள்ளே கொழுகொழுவென்று மீன்கள். தூண்டில்காரன் கண்ணுக்கு அதற்குமேல் என்ன தெரியும்? ஆண் மீன்தானே, பெருகாது என்று அவர் சொன்னதில் பாதியை மட்டும் நினைவில் வைத்துக்கொண்டு, இரண்டு பீப்பாய் நிறைய அள்ளிக்கொண்டு போய் ஏரியில் விட்டேன். பூட்டைத் திறந்த கைக்கு, பூட்டு எதற்கென்று தோன்றவில்லை.

மறுநாள் என்ன செய்தோம்? பிடித்தோம், அளந்தோம், படம் எடுத்தோம், பத்திரமாக விட்டோம். தண்ணீருக்குத் திரும்பிய ஒவ்வொரு தாய்மீனுக்கும் எழுந்து நின்று கைதட்டினோம். கோப்பைகளைக் கொடுத்ததும் நான்தான்.

அடுத்த வாரம் மைத்துனர் என் வீட்டுக்கு வந்தார். சமையலறை வாசலில் நின்றார். ஆணியைப் பார்த்தபடி மெதுவாகக் கேட்டார். "மாமா, தொட்டியில மீனை நீங்க எடுத்தீங்களா?" நான் சொன்னேன், "நான் எதுக்குப்பா எடுக்கப் போறேன்?" "சரி மாமா" என்றார். சாப்பிட்டுவிட்டுப் போனார்.

ஆண் மீன்கள்தானே என்ற நினைப்பில் அதை நான் மறந்தே போனேன். பண்ணை மீது நீங்கள் குறை சொன்னபோது நானும் சேர்ந்து சொன்னேன். தீர்மானத்தை எழுதினேன். எழுதி முடித்த வாரத்தில், இதோ முன்வரிசையில் இருக்கும் நம் ஓய்வுபெற்ற தபால்காரர் ஒரு கையில் ஜிலேபியும் மறு கையில் தண்ணீர்க் குவளையுமாக என் வீட்டுக்கு வந்தார். "செயலாளரே, முள்ளைக் கழட்டினேன், இதோட வாய்க்குள்ளேர்ந்து இத்தனை குஞ்சு கொட்டுது. இதைக் கொஞ்சம் பாருங்க" என்றார். பார்த்தேன். தன் குஞ்சுகளை வாயில் வைத்துக் காக்கும் தாய். பட்டினி கிடந்து காக்கும் தாய். குளத்தில் இல்லாத தாய். பூட்டிய தொட்டியில் மட்டுமே இருந்த தாய்.

அதன் பிறகும் இருபது நாள் வாய் திறக்கவில்லை. "உங்க சங்கத்துப் பெருமைக்கு என் தம்பி பொழப்புதான் கிடைச்சுதா?" என்று தட்டை என் முன் வைத்தபடி என் மனைவி கேட்டாள். அப்போதும் சொல்லவில்லை. மூன்றாம் வரிசையில் இருக்கிறாள், உங்களோடு சேர்ந்து இப்போதுதான் கேட்கிறாள். வெட்கமாக இருக்கிறது.

குளக்கரையில் நிறுத்தி அதிகாரி விசாரித்தபோது, என் மைத்துனர் என் பெயரைச் சொல்லித் தப்பித்திருக்கலாம். இன்னொரு சாவி யாரிடம் இருந்தது என்று அவருக்குத் தெரியாதா? ஏன் சொல்லவில்லை? அது தன் அக்கா வாழும் வீடு என்று நினைத்திருப்பார். வேறு காரணம் எனக்குத் தெரியவில்லை.

தலைவர் அவர்களே, மணியை அடிக்க வேண்டாம், முடிக்கப் போகிறேன். இந்தத் தீர்மானத்தை எழுதிய கையாலேயே அடித்துவிடுகிறேன். பண்ணை இருக்கட்டும். ஏரியில் பிடிபடும் ஜிலேபி எதுவும், சிறியதோ பெரியதோ, போட்டி நாளோ பொது நாளோ, இனி உயிரோடு தண்ணீருக்குத் திரும்பக் கூடாது. வெளியிலிருந்து ஒரு மீன்கூட உயிரோடு கரைக்கு வரக் கூடாது. இவற்றை விதியாக்குங்கள். விதியை முதலில் மீறியவன் மீது முதல் நடவடிக்கை எடுங்கள். என் உறுப்பினர் அட்டை இதோ மேஜையில். நாளை காலை மீன்வளத் துறைக்கு என் கையெழுத்தோடு இந்த உண்மை போகும்.

கைதட்ட வேண்டாம். அன்று தட்டியது போதும்.

பொறுமையோடு கேட்ட பெரியோருக்கு நன்றி. என்னை மன்னிக்க முடியாதவர்களுக்கும் நன்றி. அவை அனைத்துக்கும் என் வணக்கம். இன்னும் ஒருவருக்கு நான் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது.

மாப்ள, சாவியை இங்க வச்சிருக்கேன், வந்து எடுத்துக்க. அன்னைக்கு எங்க வீட்டு வாசல்ல நின்னு கேட்டியே, அதுக்கு இப்பச் சொல்றேன். ஆமாம்ப்பா. நான்தான் எடுத்தேன்.