கமராவைச் சுற்றியது யார்?

பிள்ளைகளே, இன்று டூங்கபி நிலையத்தில் ரயில் ஏறினேன். முன் இருக்கையில் ஓர் அக்காவும் தங்கையும். அக்கா தான் எடுத்த குறும்படத்தைப் போட்டிக்கு அனுப்பத் தயாராக இருந்தாள்.

“செக் நாட்டில, பேசாத படக் காலத்தில, ஒருத்தர் தானே எழுதி, நடிச்சு, படமும் பிடிச்சவராம். நானும் அப்பிடித்தான். அதுதான் என்ர பேர் மட்டும் போட்டனான்.”

“அப்ப கமராவின்ர பிடியைக் கையால சுத்தினாத்தான் படம் பதியுமெல்லோ?” தங்கை கேட்டாள்.

“ஓம்.”

“அவர் முன்னுக்கு நிண்டு நடிக்கேக்க ஆர் சுத்தினது?”

“தெரியாது. நான் வாசிச்சதில பேர் இல்லை.”

“உன்ர படத்திலயும் இல்லை. மழைக்குள்ள ஃபோனைப் பிடிச்சது நானெல்லோ.”

பரமட்டா நிலையம் வருமுன் அக்கா ஃபோனில் படத்தின் பெயர்ப் பட்டியலைத் திறந்தாள். இறங்குமுன் கேட்டாள்: “வீட்டில கூப்பிடுற பேரோ, முழுப் பேரோ?”

“முழுப் பேர்.”