மரங்கள் வைத்த இடத்தில்தான் நின்றன

எங்கள் தீவில் கிறிஸ்துமஸ் மரத்தை யாரும் குப்பையில் போடுவதில்லை. பண்டிகை முடிந்ததும் அலங்காரத்தைக் கழற்றிவிட்டு என் கொட்டகைக்கு முன்னால் கொண்டுவந்து சாய்த்துவிட்டுப் போவார்கள். சில மரங்களில் சரிகை இழைகள் ஒட்டிக்கொண்டிருக்கும். நான் அவற்றை எடுப்பதில்லை. வெயில் பட்டால் மின்னும், தூரத்திலிருந்தே கண்ணுக்குத் தெரியும்.

தீவைச் சுற்றியுள்ள ஏரி உறைந்து வண்டி தாங்குமளவுக்குக் கெட்டிப்பட்டதும் அந்த மரங்களை வரிசையாகப் பனிக்கட்டியில் நட்டுப் பாதை குறிப்பது என் வேலை. துளை போட்டு, அடிமரத்தைச் சொருகி, ஒரு வாளித் தண்ணீர் ஊற்றினால் சற்று நேரத்தில் இறுகிவிடும். அதற்கப்புறம் ஆளே வந்து ஆட்டினாலும் அசையாது. பனிப்புயல் அடிக்கும்போது ஏரியும் வானமும் ஒரே வெள்ளையாகிவிடும். முன்னால் நிற்கும் ஒரு மரம் மட்டும் தெரியும். அதை அடைந்ததும் அடுத்தது தெரியும். மரம் எங்கே போகிறதோ அங்கே வண்டியும் போகும். இங்கே யாரும் அதைப் பற்றி யோசிப்பதில்லை, யோசிப்பவன்தான் தண்ணீரில் விழுவான்.

நீங்கள் காபியைத் தொடவே இல்லை, தம்பி. அந்த ரொட்டியையும் எடுத்துக்கொள்ளுங்கள். ஏலக்காய் போட்டது. உங்கள் ஷெரிப் அலுவலகத்தில் இந்த மாதிரி கிடைக்காது.

உங்களை ஏன் வரச் சொன்னேன் என்றால், கடையில் இப்போது ஒரு பேச்சு அடிபடுகிறது. "இர்மாவுக்கு வயசாயிடுச்சு, கண்ணு மங்கிப்போச்சு. பாவம், மரத்த எங்கேயோ நட்டு வெச்சிருக்கா" என்கிறார்கள். காற்று சாய்த்திருக்கும் என்று இரக்கப்படுகிறவர்களும் உண்டு. எனக்கு எந்த இரக்கமும் வேண்டாம். அந்த மரங்கள் நான் வைத்த இடத்தில்தான் நின்றன. அதை நீங்கள் பதிவு செய்துகொள்ள வேண்டும்.

முதலிலிருந்து சொல்கிறேன். என் கணவர் ரெய்னோவைப் பற்றி நீங்கள் கேள்விப்பட்டிருப்பீர்கள். கரையில் உள்ளவர்களுக்கும் அந்தக் கதை தெரியும். இருபத்தைந்து வருடத்துக்கு முன்னால் அவருடைய நண்பர் ஆர்னே வண்டியோடு பனிக்கட்டி உடைந்து ஏரிக்குள் போனபோது, ரெய்னோ இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு குதித்து, ஆர்னேவை மேலே தள்ளிவிட்டு, கயிறு நழுவி, தான் அடியில் போய்விட்டார். அந்தக் கயிறு ஊர் மன்றத்தில், அடுப்புக்கு மேலே, அவர் படத்துக்குப் பக்கத்தில் தொங்கியது. ஒவ்வொரு பிப்ரவரியிலும் அவர் பெயரில் அங்கே விருந்து நடக்கும். ஏரி மீன், அவித்த உருளைக்கிழங்கு, உருக்கிய வெண்ணெய். மீட்புப் படையில் சேருகிற பிள்ளைகள் அந்தக் கயிற்றின் மேல் கைவைத்துத்தான் சேருவார்கள்.

அந்தப் படையால்தான் இந்த ஊர் இன்னும் ஊராக இருக்கிறது. பள்ளிக்கூடத்தை மூடினார்கள். மீன் பதப்படுத்தும் ஆலையை மூடினார்கள். பிள்ளைகள் படகேறிப் போய்க்கொண்டே இருந்தார்கள். தங்கியவர்கள் எதற்காகத் தங்கினார்கள் என்று கேளுங்கள், அந்தக் கயிற்றைத்தான் காட்டுவார்கள். என் மகன் கென்னியும் அப்படித்தான் தங்கினான். படகுக் கடை வைத்துப் பிழைக்க கரையில் எத்தனையோ வழி இருந்தது. அவன் போகவில்லை.

விருந்துக்கு முந்தின வாரம் ஆர்னே என் வீட்டுக்கு வந்தான். அவன் தனியாள். வடக்கு முனையில் அவன் வீடு. ஏரியின் மேல் அந்த முனைக்கு என்று ஒரு கிளைப் பாதை நடுவேன். அவனைத் தவிர அதில் வேறு யாரும் வருவதில்லை. வழக்கம்போல முதல் வாய் குடித்ததும் முகத்தைச் சுளித்தான்.

"இந்தக் காபிய படகுக்கு அடியில பூசினா தண்ணி ஒழுகாது இர்மா."

"அப்போ குடிக்காத. வாளியில ஊத்தித் தர்றேன், எடுத்துட்டுப் போ."

சிரித்தான். பிறகு கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, இந்த வருடம் கென்னியைப் படைக்குத் தலைவனாக்குகிறார்களாமே என்று கேட்டான். ஆமாம் என்றேன்.

"அன்னிக்கு நான் எழுந்து உண்மையச் சொல்லிடப் போறேன். உங்கிட்ட மொதல்ல சொல்லணும்னுதான் வந்தேன்."

அந்த உண்மை எனக்கு ஏற்கனவே தெரியும். ரெய்னோ இறந்த அன்றைக்கே ஆர்னே என் சமையலறைத் தரையில், ஈர உடையோடு உட்கார்ந்து சொல்லிவிட்டான். இரண்டு பேரும் குடித்திருந்தார்கள். வண்டியை ஓட்டியது ரெய்னோ. மரங்கள் ஒரு பக்கம் போக, குறுக்கு வழி என்று சிரித்துக்கொண்டே மறுபக்கம் திருப்பினார். ஆர்னே ஜன்னல் வழியாக வெளியே வந்தான். ரெய்னோ அவன் பூட்ஸைப் பிடித்துக்கொண்டார். ஆர்னே காலை உதறினான். அவ்வளவுதான். கயிறு எதுவும் இல்லை.

அப்போது கென்னிக்கு ஆறு வயது, அடுத்த அறையில் தூங்கிக்கொண்டிருந்தான். விழித்ததும் அப்பா எங்கே என்று கேட்பான். அவனிடம் சொல்ல ஏதாவது வேண்டியிருந்தது. கயிற்றுக் கதையை நானும் ஆர்னேவும் அந்தத் தரையில் உட்கார்ந்துதான் செய்தோம். கயிறு அவனுடைய கொட்டகையில் மாடு கட்டக் கிடந்தது. அதை நனைத்துக் கொடுத்தான்.

"இத்தன வருஷம் வாயை மூடிட்டு இருந்தே. இப்போ என்ன வந்துச்சு?" என்றேன்.

"கென்னி வந்துட்டான். போன மாசம் ஒரு நாய்க்காக ஓடுற தண்ணியில குதிச்சான். நாய்க்கு, இர்மா. எங்கடா தண்ணி இருக்கு, குதிக்கலாம்னு தேடிட்டே இருக்கான். அப்பன் மாதிரி ஆகணுமாம். அப்பன் அப்படி இல்லடான்னு சொல்லிட்டா அடங்கி வீட்ல இருப்பான்."

"அவனுக்கு அப்பாவே இல்லாமப் போயிடும்."

"உயிரோட இருப்பான்ல."

அவனுக்கு இன்னொரு துண்டு ரொட்டி வெட்டி வைத்தேன். ஆர்னே நல்லவன். அதில் எனக்கு என்றைக்கும் சந்தேகம் வந்ததில்லை. ரெய்னோ போனபிறகு அவன் ஒரு சொட்டு குடித்ததில்லை. என் கூரையை அவன்தான் பழுது பார்ப்பான். விருந்தில் முதல் தட்டை எனக்குத்தான் கொண்டுவந்து வைப்பான். காலை உதறியதற்காக நான் அவன்மேல் கோபப்பட்டதே இல்லை. யாராக இருந்தாலும் உதறியிருப்பார்கள்.

ஆனால் அவன் ஒருவனுடைய மனச்சுமையை இறக்கிவைக்க ஒரு ஊரையே கேட்டான். அது அதிகம். நான் நிதானமாக யோசித்துப் பார்த்தேன். அவன் எழுந்து பேசினால் அந்த நிமிடமே படை கலைந்துவிடும். அடுத்த முறை சைரன் ஊதும்போது யார் ஓடுவார்கள்? எதை நம்பி ஓடுவார்கள்? ஊருக்காக ஒருவர் போகலாம் என்று நாங்கள் எல்லோரும் வருடாவருடம் நின்று தலைகுனிந்து சொல்கிறோம். ஆர்னேவும் சொல்வான்.

விருந்தன்று மதியம் சறுக்குவண்டியை இழுத்துக்கொண்டு ஏரிக்குப் போனேன். பிற்பகல் புயல் வரும் என்று வானொலியில் சொல்லியிருந்தார்கள். கிளைப் பாதையின் கடைசிப் பகுதியில், முனைக்கும் ஏரிக்குள் இருக்கும் ஒரு மேட்டுத்திட்டுக்கும் இடையே அடியில் நீரோட்டம் உண்டு. அங்கே பனிக்கட்டி மேலே பார்க்க நன்றாக இருக்கும், ஆள் நடக்கலாம். வண்டி தாங்காது. அதை விட்டு விலகித்தான் எப்போதும் நடுவேன். அன்றைக்கு மரங்களைப் பெயர்த்து அதன் குறுக்கே நட்டேன். அவசரப்படவில்லை. ஒவ்வொன்றுக்கும் துளை போட்டு, நிமிர்த்தி, தண்ணீர் ஊற்றி, இறுகும்வரை பிடித்துக்கொண்டு நின்றேன். பழைய துளைகளைப் பனியால் மூடினேன். பெரிய பாதையில் ஒரு மரத்தைக்கூடத் தொடவில்லை. வேறு யாருக்கும் ஆபத்து வரக் கூடாது.

பட்டப்பகலில்தான் செய்தேன். நான் ஏரியில் மரம் நடுவதை யாரும் நின்று பார்ப்பதில்லை. கடைக்கார லைலா மன்றத்துக்கு உருளைக்கிழங்கு ஏற்றிக்கொண்டு போகும்போது வண்டியை நிறுத்தினாள்.

"இன்னிக்குக்கூடவா வேலை?"

"கொஞ்சம் சரி பண்ண வேண்டியிருக்கு."

"நீ இல்லேன்னா இந்த ஊரு என்ன ஆகும், சொல்லு" என்றாள். அவள் அதை மனதாரச் சொன்னாள்.

மாலையில் மன்றத்தில் எல்லோரும் உட்கார்ந்துவிட்டார்கள். கென்னி இஸ்திரி போட்ட நீலச் சட்டை போட்டிருந்தான். என் பக்கத்தில் ஆர்னேவுக்கு நாற்காலி போட்டு வைத்திருந்தோம். வெளியே பனி அடித்துக்கொண்டிருந்தது. கென்னி ஜன்னலுக்குப் போவதும் வருவதுமாக இருந்தான்.

"ஆர்னே மாமா இன்னும் வரலையேம்மா."

"மரத்தைப் பார்த்து மெதுவா வருவாரு. நீ வந்து உக்காரு."

அவன் உட்காரவில்லை. பனி கொஞ்சம் விலகியபோது தூரத்தில் இரண்டு விளக்குகள் தெரிந்தன. "மாமா எங்க போறாரு? அந்தப் பக்கம் தண்ணி ஓடுமே" என்றான். அவன் என் மகன், ஏரி அவனுக்கும் தெரியும். நாங்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே விளக்குகள் மேல்நோக்கி நிமிர்ந்தன. கொஞ்ச நேரம் வானத்துக்கு வெளிச்சம் காட்டின. பிறகு அணைந்தன.

படையின் சாமான்கள் ஊரின் மறுகோடியில், தீயணைப்புக் கொட்டகையில் இருந்தன. இரண்டு பேர் அங்கே ஓடினார்கள். கென்னி காத்திருக்கவில்லை. நாற்காலி மேல் ஏறி அப்பாவின் படத்துக்குப் பக்கத்தில் இருந்த கயிற்றைக் கழற்றினான்.

அந்தக் கயிற்றை வருடந்தோறும் துடைப்பது நான். அத்தனை குளிர்காலம் அடுப்புச் சூட்டில் தொங்கிய கயிறு. கொஞ்சம் அழுத்தித் துடைத்தால் துணியில் தூள் உதிரும்.

மன்றமே எழுந்து நின்றது. சில பெண்கள் அப்போதே அழ ஆரம்பித்திருந்தார்கள். கென்னி கயிற்றை இடுப்பில் சுற்றிக்கொண்டு என் முன்னால் வந்து நின்றான். "அப்பாவோட கயிறும்மா" என்றான். அவன் முகம் அப்படி மலர்ந்து நான் பார்த்ததே இல்லை. ஆறு வயதில்கூட இல்லை.

அது மாட்டுக் கயிறுடா, விட்டுடு என்று நான் சொல்லியிருக்கலாம். சின்ன வாக்கியம்தான். நேரமும் இருந்தது. ஊர் முழுக்க என்னைப் பார்த்துக்கொண்டிருந்தது. நான் முடிச்சைப் பிடித்து இழுத்துப் பார்த்தேன். முடிச்சு நன்றாக இருந்தது.

மற்றதெல்லாம் நீங்கள் எழுதிவைத்திருப்பீர்கள். கென்னி ஆர்னேவை எட்டிப் பிடித்தான். மேலே தள்ளியும் விட்டான். ஆண்கள் குப்புறப் படுத்துக் கைகோத்து ஆர்னேவை இழுத்துப் போட்டார்கள். பிறகு கயிற்றை இழுத்தார்கள். கயிறு மட்டும் வந்தது. அதன் நுனி வைக்கோல்போலப் பிரிந்து கிடந்தது.

வலிக்கவில்லை என்று நினைக்காதீர்கள். அவன் சட்டைகளை இன்னும் மடித்துக்கொண்டே இருக்கிறேன். மடித்ததைப் பிரித்து மறுபடி மடிக்கிறேன். பெற்ற வயிறு என்று ஒன்று இருக்கிறது, தம்பி. அதற்கு எந்தச் சமாதானமும் ஏறுவதில்லை.

கரை மருத்துவமனையில் ஆர்னே உங்களிடம் என்ன சொன்னான் என்று தெரியும். குடித்திருந்தேன், மரங்களை விட்டு நானேதான் விலகிப் போனேன் என்றானாம். நம்பாதீர்கள். அவன் குடிக்கவும் இல்லை, விலகவும் இல்லை. கடைசி மரம்வரை ஒழுங்காகத்தான் வந்தான். என்னைக் காப்பாற்றுவதாக நினைத்துச் சொல்கிறான். அந்த மாதிரிப் பொய் அவனுக்கு எப்போதும் நன்றாக வரும். உடம்பு தேறியதும் அவனே இங்கே வந்து என் கூரையைப் பார்ப்பான், பாருங்கள். ரெய்னோவைப் பற்றி இனி வாயைத் திறக்கமாட்டான். கென்னி அவனை மேலே தள்ளிவிட்ட பிறகு எந்த வாயால் திறப்பான்?

ஆகவே, மரங்களை மாற்றி நட்டது நான் என்று எழுதுங்கள். எங்கே கையெழுத்துப் போட வேண்டுமோ போடுகிறேன். காரணம் என்ற இடத்தில் ஏதாவது நிலத்தகராறு என்று எழுதிக்கொள்ளுங்கள். அதிலும் கையெழுத்துப் போடுவேன். கயிற்றைப் பற்றி மட்டும் எழுத வேண்டாம்.

அறுந்து வந்த கயிற்றின் நுனியை முடிச்சுப் போட்டு மறுபடி மாட்டிவிட்டார்கள். இப்போது அங்கே இரண்டு படங்கள். லைலாவின் பேரன் உட்பட, இதுவரை இல்லாத அளவுக்குப் பிள்ளைகள் படையில் பெயர் கொடுத்திருக்கிறார்கள். வரும் சனிக்கிழமை அதன் மேல் கைவைப்பார்கள். என்னை எப்போது அழைத்துப் போவதாக இருந்தாலும் அதற்கப்புறம் இருக்கட்டும். முதல் வரிசையில் எனக்கு நாற்காலி போட்டிருக்கிறார்கள்.

கென்னி அப்பாவைப்போலவே போனான் என்று ஊரில் எல்லோரும் சொல்கிறார்கள். நானும் அதைத்தான் சொல்கிறேன்.