பச்சைக் கதவு

இல்ல சார், நீங்க சொல்றது தப்பு. கோச்சிக்காதீங்க. டிகிரி, அதான் கோர்ட்டு தீர்ப்பு, ஆயிடிச்சின்னா உங்க சம்சாரம் குத்தவாளின்னு அர்த்தம் கெடையாது. குத்தவாளிங்கறது கிரிமினல் கோர்ட்டு வார்த்த. உங்களுது சிவில். சிவில்ல கேஸ் போட்டவரு வாதி, யாரு மேல போட்டாரோ அவுங்க பிரதிவாதி, அம்புட்டுதான். நீங்க போன்ல வக்கீல் குமாஸ்தாகிட்ட சத்தமா பேசிக்கிட்டு இருந்தீங்க, காதுல வுழுந்திச்சி, அதான் குறுக்க பூந்துட்டேன்.

நானா? நான் ஆலப்பாக்கம் வரைக்கும். சொந்தக்காரங்க ஊடு. இல்ல இல்ல, விசேஷம்லாம் ஒண்ணுமில்ல, சும்மா பாத்துட்டு வரலாம்னு. நீங்க கடலூரா? பெரிய வக்கீல பாக்கவா. சரி.

கோர்ட்டுலதான் சார் வேல பாத்தேன். முப்பத்தோரு வருஷம். இந்த ஜில்லாவுல ஒரு முனிசீப் கோர்ட்டு, எந்த ஊரா இருந்தா என்ன. ரிட்டயர் ஆயி ரெண்டு வருஷம் ஆவுது. சேச்சே, வக்கீல்லாம் இல்ல. கட்டளை நிறைவேற்றுனர்னு பேரு. பேர கேட்டா ஏதோ கலெக்டருக்கு அடுத்த ஆளு மாதிரி இருக்கும். சம்மன எடுத்துக்கிட்டு ஊர் ஊரா போயி, ஆளப் பாத்து குடுத்து, கையெழுத்து வாங்கியாற வேல. சனங்க அமீனான்னுதான் கூப்புடும். உண்மையில அமீனா வேற, நாங்க வேற. ஆனா கோர்ட்டுலேருந்து எவன் வந்தாலும் ஊர்ல அவன் அமீனாதான்.

சனங்களுக்கு இந்த வார்த்தைங்க தெரியறதில்ல சார். அதுதான் பாதி கஷ்டம். கிரிமினல் கேஸ்ல எதிரின்னு எழுதுவாங்க. ஸ்ரீமுஷ்ணம் பக்கம் ஒருத்தரு, அவரு பேருக்கு முன்னால எதிரி ஒண்ணுன்னு போட்டிருக்கறத பாத்துட்டு, எனக்கு யாரோடவும் பகையே இல்லீங்களேன்னு அழுவுறாரு. நாங்கல்லாம் வராண்டாவுல நின்னு சிரிச்சோம். குத்தம் சாட்டியிருக்காங்க, இன்னும் நிரூபணம் ஆவலன்னுதான் அதுக்கு அர்த்தம்னு சொல்றதுக்கு ஒரு நிமிஷம் ஆவுமா? ஒருத்தரும் சொல்லல. ஜாமீன்ல வந்தவன விடுதலை ஆயிட்டான்னு மால போட்டு கூட்டிக்கிட்டுப் போவாங்க. கூப்புடுறப்ப வரேன்னு ஒத்துக்கிட்டு வெளிய இருக்கான், அவ்வளவுதானே. வேற தேதிக்குத் தள்ளி வாய்தா குடுத்தா, கேஸ் முடிஞ்சிட்டுதுன்னு நெனச்சி வெளியூரு வேலைக்குப் போயிட்டவங்களக்கூட பாத்திருக்கேன்.

உங்களுது எக்ஸ்பார்ட்டி டிகிரி. ஒருதலைப்பட்சத் தீர்ப்புன்னு பேப்பர்ல இருக்கும் பாருங்க. கேஸ் நம்பர் கூப்புடுவாங்க. டவாலி வாசல்ல நின்னு பிரதிவாதி பேர மூணு தரம் சத்தமா கூப்புடுவாரு. யாரும் வரல. சம்மன் போயிருக்கான்னு ஜட்ஜூ பாப்பாரு. போயிருக்கு. அப்பறம் என்ன, வாதி சொல்றத மட்டும் கேட்டுட்டு எழுதிட வேண்டியதுதான். உங்க சம்சாரத்தோட பெரியப்பா மவன், பேரு என்ன சொன்னீங்க, இளவரசா, அவரு மனை என்னுதுன்னாரு, இல்லன்னு சொல்ல எதுத்தாப்புல ஆளு இல்ல. நியாயம் யாரு பக்கம்னு அந்தத் தீர்ப்புல கெடையாது சார். யாரு வரலங்கறது மட்டும்தான் இருக்கு.

உங்க சம்சாரம் ஏன் வரலன்னுதானே கேக்குறீங்க, அதுக்குத்தான் வரேன்.

செத்த மெதுவா பேசுங்க, முன்னால லேடீஸ் திரும்பிப் பாக்குறாங்க. நீங்க மஸ்கட்டுல வெயில்ல நின்னு சம்பாதிச்சி கட்டுன வீடு, மனை அவுங்க அப்பா எழுதிக் குடுத்தது, எல்லாம் புரியுது. கோவம் வராம என்ன பண்ணும். அமீனா வந்து வீட்டக் காலி பண்ணுன்னு சொன்ன அன்னிக்கிதான் அவுங்களுக்கே கேஸ் இருக்கறது தெரியும்னு சொல்றாங்க, இல்லையா? அது எப்ப? சரியா சொல்லுங்க, தேதி முக்கியம். பதினாறு நாளா. அப்ப இன்னும் பதினாலு நாளு இருக்கு.

எதுக்குன்னா, எக்ஸ்பார்ட்டிய தள்ளி வைங்கன்னு ஒரு மனு இருக்கு. ரத்து பண்ணிட்டு கேஸ மொதல்லேருந்து நடத்துங்கன்னு கேக்குறது. அதுக்கு முப்பது நாளு கெடு. எந்த நாள்லேருந்து முப்பதுங்கறதுலதான் உங்க வீடே இருக்கு. சம்மன் ஒழுங்கா வந்திருந்தா, தீர்ப்பு ஆன நாள்லேருந்து. அது போன வருஷமே முடிஞ்சிபோச்சி. அப்பறம் தாமதத்த மன்னிக்கச் சொல்லி தனியா மனு போட்டு, ஒவ்வொரு நாளுக்கும் காரணம் சொல்லணும். சம்மனே வரலன்னா கணக்கு வேற. என்னிக்கி தெரிஞ்சிதோ அன்னிலேருந்து முப்பது நாளு. இது சிதம்பரம் வக்கீலும் சொல்லியிருப்பாரே. ஆங், சொன்னாரா. ஆனா சம்மன் போயிருக்கேன்னு கையக் காட்டிட்டாரா.

அந்த நகல செத்த காட்டுறீங்களா? சம்மன் நகல். பின் பக்கம் பாக்கணும். எங்க ஆளுங்க எழுதறது பின்னாலதான். ஆளு கெடைக்கலன்னா, வீடு பூட்டியிருந்தது, ஆள் வெளியூர்னு எழுதிக் கொண்டாரணும். அப்படி எழுதினா திரும்பவும் போடுவாங்க, திரும்பவும் போவணும். மூணு பஸ் மாறி, அதுக்கப்பறம் நடந்து. நாசர் கேப்பாரு, என்னய்யா கட்டு அப்படியே திரும்பி வருதுன்னு. நாசர்னா எங்களுக்கு மேலாளு. மறுத்தார்னு எழுதிட்டா முடிஞ்சிது. அந்தப் பேப்பரு திரும்ப வராது.

இதுல என்ன எழுதியிருக்குன்னா, பிரதிவாதி பிரிசில்லா நேரில் இருந்தும் சம்மனை வாங்க மறுத்துவிட்டபடியால், சாட்சிகள் முன்னிலையில் பச்சை வர்ணம் பூசிய மர முன்கதவில் நகல் ஒட்டி சார்வு செய்யப்பட்டது. சார்வுன்னா கொண்டுபோயி சேத்தாச்சின்னு அர்த்தம். கீழ ரெண்டு சாட்சி. ஆண்டி, தகப்பன் பேரு இல்ல. இன்னொருத்தர் அறிவழகன்.

ஆமா, நேரில் இருந்தும்னுதான் இருக்கு. அத வச்சித்தான் அவுங்கள வீட்ட வுட்டு அனுப்புனீங்களா? தெரியும் சார். பரங்கிப்பேட்டையில அவுங்க அக்கா வீட்டுல இருக்காங்க.

எப்படித் தெரியும்னா... சொல்றேன். பஸ்சு ஸ்லோ பண்றான், இது எந்த ஸ்டாப்பு? ஆலப்பாக்கமா. ஆமா, என் ஸ்டாப்புதான். பரவால்ல, போவட்டும். வழி வுடாதீங்க, ஒக்காருங்க. நான் எறங்கல.

எனக்கு ஆலப்பாக்கத்துல யாரும் இல்ல சார். கடலூர்லயும் இல்ல. காலைல சிதம்பரத்துல, கீழ வீதியில உங்க வக்கீல் ஆபீஸ் வாசல்ல நின்னேன். நீங்க வெளிய வந்தீங்க, பின்னாலயே பஸ் ஸ்டாண்டுக்கு வந்தேன், பின்னாலயே ஏறினேன். பக்கத்துல எடம் இருந்திச்சி. ஆலப்பாக்கத்துக்கு டிக்கெட்டு எடுத்தது எதுக்குன்னா, அதுக்குள்ள சொல்ல முடிஞ்சா சொல்லலாம், முடியலன்னா எறங்கி ஓடிடலாம்னு. அந்த லட்சணத்துல இருக்கேன்.

பத்து நாளு முன்னால டீக்கடையில ஒரு குமாஸ்தா பேசிக்கிட்டிருந்தான். மஸ்கட்டுக்காரரு ஒருத்தரு, கோர்ட்டு பேப்பர வாங்கலன்னு பொண்டாட்டிய தொரத்திட்டாருன்னு. ஊரு பேரு சொன்னான், சேத்தியாத்தோப்புக்கு அந்தாண்ட, ஆத்துக்கு அக்கரைன்னு. சம்மன் தேதியும் சொன்னான், மூணு வருஷத்துக்கு முந்தினது. அந்தத் தேதி எனக்கு மறக்காது. என் பொண்ணுக்கு அன்னிக்கிதான் நிச்சயதார்த்தம். நாலு மணிக்கு மாப்ள வீட்டுக்காரங்க வராங்க. லீவு கேட்டேன், குடுக்கல. கையில ஏழு பேப்பரு. ஆறு குடுத்துட்டேன். ஏழாவது அக்கரையில. ஆத்துல தண்ணி போவுது, சுத்திக்கிட்டுதான் போவணும். மணி ரெண்டு ஆயிடிச்சி.

மறுநா போயிருக்கலாம். வீடு பூட்டியிருந்ததுன்னாவது எழுதியிருக்கலாம், அதுவும் பொய்தான், ஆனா யாரு குடியும் கெட்டிருக்காது. டீக்கடை பெஞ்சில ஒக்காந்து, மறுத்தார்னு எழுதினேன். கதவுக்குக் கலரு எதுக்குப் போட்டேன்னு இன்னிக்கி வரைக்கும் எனக்குத் தெரியல. பாத்தா மாதிரி இருக்கணும்னு போட்டிருப்பேன். ஆண்டி அந்தக் கடை டீ மாஸ்டரு. அவரு என்னோட பேப்பர்ல எத்தன ஊர்ல சாட்சின்னு அவருக்கே தெரியாது. பாவம், கடைய வுட்டு வெளிய போனவரே இல்ல. அறிவழகன்னு ஒருத்தன் பொறக்கவே இல்ல.

கண்ணாடி போடாம எப்படிப் படிச்சேன்னு உங்களுக்கு தோணலியா? நான் படிக்கல சார். மனப்பாடமா சொன்னேன்.

அடிக்கணும்னா அடிச்சிடுங்க. நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன். ஆனா இத முழுசா கேட்டுட்டு அடிங்க. போன வியாழக்கெழம உங்க ஊருக்குப் போனேன். மூணு வருஷம் கழிச்சி, மொத மொதலா அந்த வீட்ட அன்னிக்கிதான் பாத்தேன். அது மரக்கதவே இல்ல. நீலக் கலர்ல இரும்பு கேட்டு, உள்ள கிரில்லு. எதுத்த வீட்டம்மாவ கேட்டேன், இந்த இரும்பு கேட்ட நடுவுல மாத்தினாங்களான்னு. வீடு கட்டுன நாள்லேருந்து இதேதான்னாங்க. பூட்டியிருந்திச்சி. பிரிசில்லா எங்கன்னு கேட்டேன். அந்தம்மா சொன்னத என்னால இங்க சொல்ல முடியல சார். பைபிள் மேல கைய வச்சி அழுதாங்களாமே, யாரும் வரலன்னு. நீங்க, கவர்மெண்டு சீலு பொய் சொல்லுமா, நீதான் பொய் சொல்றன்னீங்களாமே.

அந்த சீலுக்கு மேல இருக்குறது என் கையெழுத்து. தட்சிணாமூர்த்தி. அதுல வளைச்சி வளைச்சி போட்டிருக்கேன் பாருங்க. என் பொண்ணு நல்லா இருக்கா, கொழந்த இருக்கு. அந்தப் பாக்குத் தட்டு மாத்துன நேரத்துல ஒரு பொம்பளைய பொய்க்காரி ஆக்கி பைல்ல கட்டி வச்சிட்டு வந்து, பன்னீர் தெளிச்சிக்கிட்டு நின்னிருக்கேன். வெக்கமா இருக்கு. வீட்டுல யாருக்கும் சொல்லல. என் சம்சாரத்தோட மொகத்த பாத்து சாப்புட முடியல.

போங்க, கடலூர்ல அந்தப் பெரிய வக்கீல்கிட்டயே போவோம். நானும் வரேன். சம்மன் சார்வு பண்ணவன கூண்டுல ஏத்தி விசாரிக்கலாம், சட்டத்துல எடம் இருக்கு. அந்த இரும்பு கேட்ட போட்டோ எடுத்துக்குங்க, பச்சைக் கதவுன்னு நான் எழுதினதையும் வச்சிக்கிட்டு கேக்கச் சொல்லுங்க. நான் போவலன்னு சொல்றேன். அன்னிக்கி சத்தியம் பண்ணி எழுதிக் குடுத்ததுதான் அது. பொய் சத்தியம்னு ஆனா அது கிரிமினலு. பென்ஷன்ல கை வைப்பாங்க. எனக்கும் ஒரு நாளு சம்மன் வரும், என் பேருக்கு முன்னால எதிரி ஒண்ணுன்னு போட்டு. வரட்டும். கொண்டாற பையன்கிட்ட நேர்ல வாங்கிக்கறேன்.

அந்த நகல பத்திரமா வச்சிக்குங்க.

கண்டக்டர் தம்பி, ஆலப்பாக்கத்துக்கு எடுத்தேன், எறங்கல. கடலூருக்கு பாக்கி டிக்கெட்டு குடு. பஸ் ஸ்டாண்டுதான்.

வக்கீலுக்கு இன்னும் பதினாலு நாளு இருக்கு சார். பரங்கிப்பேட்டையில உங்க சம்சாரத்துக்கு அந்தக் கெடு இல்ல, இப்பவே சொல்லணும். போன எடுங்க. அவுங்க எடுத்ததும் என்கிட்ட குடுத்துடாதீங்க, என்னால முடியாது. நீங்களே சொல்லுங்க, யாரும் வரலன்னு.