பொன்னையன் தேற்றம்

குலசேகரம் பஸ்ஸில் எனக்கு முன்சீட்டில் ஓர் அண்ணனும் தங்கையும் இருந்தார்கள். அமெரிக்காவில் கணக்குப் பேராசிரியராக இருந்து இறந்துபோன அவர்களின் மூத்த அண்ணனுக்கு நாளை ஊரில் நினைவுக் கூட்டமாம். அண்ணன் மடியில் இருந்த, ‘பொன்னையன் தேற்றம் கண்ட மேதை’ என்று அச்சிட்ட பிளக்ஸை விரித்துப் பார்த்த தங்கை கேட்டாள்:

“நம்ம அப்பா எப்பம் கணக்கு கண்டுபிடிச்சாரு, சின்னண்ணா?”

“அப்பா இல்லட்டி. பெரியண்ணன் கண்டுபிடிச்ச தேற்றத்துக்கு உலகம் பூரா அதாக்கும் பேரு. பொன்னையன் தேற்றம்.”

“அண்ணன் பேரு ராஜமணில்லா?”

“பாஸ்போர்ட்ல சர்நேம் கேட்டான். நமக்கு எங்க இருக்கு சர்நேம்? அப்பா பேர எழுதியாச்சு. வெள்ளக்காரன் அதயே பிடிச்சுக்கிட்டான்.”

“நல்லா பிடிச்சான். ‘கணக்கு சோறு போடுமாலே, ரப்பர் வெட்டப் போ’ன்னு அண்ணனுக்க நோட்ட அடுப்புல வச்சவருக்கு உலகப் புகழ். அந்த அடுப்புக்கும் ஒரு தேற்றம் குடுத்திருக்கலாம்.”

“செத்தவர அப்பிடிப் பேசாத.”

“ரெண்டு பேரும்தான் செத்தாச்சு. நான் யாரப் பேச? சரி, இதுல அண்ணன் பேரு எங்க?”

அவர் விரலை வைத்துக் காட்டினார். “இன்னா, ‘ஆர். பொன்னையன்’. முன்னால ஒரு ஆர் நிக்குல்லா?”

அவள் குனிந்து அந்த எழுத்தைப் பார்த்தாள்.

“உசிரோட இருந்தப்பம் அப்பா முன்னால நிக்கவே பயப்படுவான். இப்பமும் பாரு, ஒத்த எழுத்தா ஒடுங்கிக்கிட்டுத்தான் நிக்கான்.”