ஊத்துக்கரையில பத்துன தீ

அந்த டின்னக் கீழ வைப்பா. மெதுவா வை, சிந்திடப் போவுது. பூட்ஸுல மண்ணெண்ணெய் பட்டா ஒரு வாரத்துக்கு உன் குதிரைகூட உன்னப் பக்கத்துல சேக்காது.

ஓடாத வெர்ன். ஓடி எங்க போவ? நாந்தான் பேரச் சொல்லியே கூப்பிட்டுட்டேன்ல.

துப்பாக்கியா? ஆமா, மடியிலதான் கெடக்கு. உன் பக்கம் திருப்பினனா? இல்லல்ல. நீ தீப்பெட்டிய சட்டைப்பையிலயே வெச்சிரு, நானும் இத மடியிலயே வெச்சிருக்கேன். ரெண்டு பேருக்கும் சரியாப் போச்சு. உட்காரு. அந்தப் புல்லுக்கட்டு மேல உட்காரு. எரிக்க வந்தவன், எப்படி இருக்குன்னு தொட்டாவது பாத்துட்டுப் போ. இந்த வருஷம் நல்ல புல்லு.

தெரியும், தெரியும். ஊரே மாட்டுச் சந்தைக்குப் போயிருக்கும், கெழவன் ஓரினும் போயிருப்பான்னு நெனச்சுத்தான வந்த. லாரியும் வாசல்ல இல்ல. டெஸ்ஸி எடுத்துட்டுப் போயிருக்கா, கன்னுங்கள விக்க. அவளுக்கு என்னவிட நல்லாப் பேரம் பேச வரும். நான் போனா அவனவன் மொகத்தத் திருப்பிக்குவான், எவன் வெல கேப்பான்?

மேல் மேய்ச்சக்காட்டு குத்தகைய சர்க்கார்ல எனக்குக் குடுத்துட்டாங்கன்னுதான இவ்வளவு கோவம்? கேட்டவன் நான் ஒருத்தன் இல்ல, நீயும் கேட்ட. உனக்குக் கெடச்சிருந்தா நான் என்ன, டின்னத் தூக்கிக்கிட்டு வந்திருப்பனா? ஒருவேள வந்திருப்பேன், யாரு கண்டா. சரி, அது மட்டும் இல்லங்கறியா. தெரியும். அது மட்டும் இல்லன்னு எனக்கும் தெரியும்.

உங்கப்பன்.

சொல்லு, வாய் விட்டுச் சொல்லு. பள்ளத்தாக்குல எல்லாரும் சொல்றதுதான. அந்த ஓரின் பக், மாட்டுக்கு அடையாளச் சூடு போட்டுட்டு நெருப்ப சரியா அணைக்காம விட்டான், அதுல காடு பத்திக்கிச்சு, லூதர் ஹாலம் செத்தான். கொலகாரன். நேரா என் மூஞ்சிக்கு நேராவே சொல்லியிருக்காங்க தம்பி, நீ ஒண்ணும் புதுசா சொல்லிடப் போறதில்ல. மளிகைக் கடைக்காரன் பதினாறு வருஷமா என்னைப் பாத்து ஒரு வார்த்த பேசினதில்ல. மாவு மூட்டைய எடுத்து வெப்பான், வேற பக்கம் பாப்பான். சர்ச்சுல நான் உட்கார்ந்த பெஞ்சுல வேற யாரும் உட்கார மாட்டாங்க. கால நீட்டி உட்காரலாம், அது ஒரு வசதி.

சிரிக்காத, சிரிப்பு வரலன்னா சிரிக்காத.

வெளியில பாரு. காத்து எங்கேருந்து அடிக்குது? மேக்கேருந்து. மழையப் பாத்து எத்தன நாளாச்சு? இந்தக் கொட்டகைல நீ ஒரு குச்சி போட்டா, கூரை பிச்சுக்கிட்டுப் போயி எங்க விழும்னு யோசிச்சியா? உன் வேலிக்கு அந்தப் பக்கம். உன் வீட்டுக்கும் என் கொட்டகைக்கும் நடுவுல என்ன இருக்கு? காஞ்ச புல்லும் சேஜ் புதரும். அந்தப் புதர் எரியறத நீ கிட்டக்கப் பாத்ததில்ல. பச்சையா நிக்கும், உள்ள எண்ணெய். டப்புனு வெடிக்கும். நான் பாத்திருக்கேன்.

இல்ல, இரு, உன்னப் பயமுறுத்தச் சொல்லல. நடந்ததச் சொல்றேன். கேட்டுட்டு அப்புறம் குச்சியக் கிழிக்கறதுன்னா கிழி. நான் சுடமாட்டேன். சத்தியமா.

உங்கப்பனுக்கும் எனக்கும் சண்ட அந்த ஊத்துத் தண்ணிக்குத்தான். நீ எட்டு வயசுப் பையன், உனக்கு ஞாபகம் இருக்கோ என்னமோ. ரெண்டு வருஷம் வானம் பொய்ச்சுப் போச்சு. ஓடையெல்லாம் வறண்டு, மேட்டுக்குக் கீழ அந்த ஒரு ஊத்துதான் கசிஞ்சுக்கிட்டு இருந்துச்சு. அது என் நெலத்துல இருக்கு. நான் முள்கம்பி போட்டு வேலி அடிச்சேன். அடிச்சேன், ஆமா. இன்னைக்கும் அது தப்புன்னு என் வாயால வராது. என் மாட்டுக்கே பத்தல. உங்கப்பன் மாடுங்க வேலிகிட்ட வந்து நின்னு தண்ணி வாசன புடிச்சுக்கிட்டே செத்துச்சு. நாக்கு வெளிய தள்ளி, கம்பி மேல கழுத்த வெச்சுக்கிட்டு. அதயும் பாத்தேன். பாத்துட்டும் வேலியப் பிரிக்கல. அப்படித்தான் நான்.

உங்கப்பன் ஒரு தடவ வந்து கேட்டான். தொப்பியக் கழட்டிக் கையில வெச்சுக்கிட்டுக் கேட்டான். லூதர் ஹாலம் தொப்பி கழட்டி நான் பாத்தது அந்த ஒரே தடவதான். முடியாதுன்னுட்டேன். சரி ஓரின், ஞாபகம் வெச்சுக்கோன்னு சொல்லிட்டுப் போனான்.

ஆகஸ்டு மாசம். அன்னைக்கு நான் நிஜமாவே கன்னுங்களுக்குச் சூடு போட்டுக்கிட்டு இருந்தேன், ஆனா எங்க? இதோ, இந்தத் தொழுவத்துல. மேட்டுக்கும் இதுக்கும் எவ்வளவு தூரம், நீயே பாரு. நெருப்பு இங்கேருந்து தாவிப் போயி அங்க பத்திக்குமா? யாராவது ஒருத்தன் நின்னு யோசிச்சிருந்தா கண்டுபுடிச்சிருப்பான். யாரும் யோசிக்கல. நாந்தான்னு நானே ஒத்துக்கிட்டப்புறம் எவன் யோசிப்பான்?

இரு. அதுக்கு வர்றேன்.

டெஸ்ஸிக்கு அப்ப அஞ்சு வயசு. அவ அம்மா அதுக்கு முந்துன குளிர்காலம்தான் போய்ச் சேந்திருந்தா. புள்ளைய வெச்சுக்கிட்டு நான் என்ன பண்ணுவேன்? எங்க மாடோ அங்க அவ. அன்னைக்கு ஒரு நோயாளிக் கன்னு ஊத்துக்கரைல கெடந்துச்சு. அதுக்குப் பக்கத்துலதான் இருப்பேன்னு அடம். வேலிக்குள்ள, நெழல்ல, தண்ணி இருக்கு, என்ன ஆயிடப்போவுதுன்னு விட்டுட்டு வந்தேன்.

மொதல்ல வாசனதான் வந்துச்சு. தலையத் தூக்கிப் பாத்தா மேட்டு முகட்டுல பொகை. சின்னதா, ஒரு கயிறு மாதிரி. நான் குதிரைல ஏறறதுக்குள்ள காத்து திரும்பிச்சு. அந்தக் கயிறு அப்படியே படுத்துச்சு, படுத்துட்டு மேட்டுல எறங்கி ஓடி வருது. முயலுங்க ரோமத்துல தீயோட ஓடுது தம்பி. ஓடி எந்தப் புதருக்குள்ள பூருதோ அதுவும் பத்திக்குது. மாடுங்க எல்லாம் நான் அடிச்ச வேலிலயே வந்து முட்டிச்சு. பின்னாடி இருக்கறது முன்னாடி இருக்கற மாட்டு மேல ஏறுது. நான் கம்பிய வெட்டறேன், வெட்டறேன், கம்பி கையத் தீச்சிடுச்சு. இதோ பாரு உள்ளங்கைய, இந்தக் கோடு அதுதான். புள்ள பேரக் கத்தறேன், எனக்கே என் சத்தம் கேக்கல.

தீ தாண்டிப் போனதும் உள்ள ஓடினேன். கன்னு செத்துக் கெடக்கு. தகரத் தொட்டி ஒண்ணு, கன்னுங்களுக்கு நீர் காட்ட வெச்சிருந்தேன், சின்னது. அதும் மேல ஒரு ஆளு குப்புறக் கெடக்கான். ரெண்டு கையாலயும் தொட்டி விளிம்பப் புடிச்சுக்கிட்டு, ஒரு மூடி மாதிரி. முதுகுல சட்ட இல்ல. சட்ட மட்டுமா இல்ல... வேண்டாம், அது வேண்டாம் உனக்கு.

ஆமா. உங்கப்பன்தான்.

தூக்கிப் பாத்தா அடியில டெஸ்ஸி. தண்ணிக்குள்ள, மூக்கு மட்டும் மேல. ஒரு பொட்டு காயம் இல்ல. அவ எங்கிட்ட அப்புறமா சொன்னா, அந்த மாமா என்ன உள்ள அமுக்கிட்டு, பயப்படாத பயப்படாதன்னு சொல்லிட்டு, அவரு வளத்த குதிரைங்க பேரெல்லாம் வரிசையா சொல்லிக்கிட்டே இருந்தாருப்பா, பாதில நிறுத்திட்டாருன்னு.

உங்கப்பன் ஊத்துக்கரைக்கு ஏன் வந்தான்னு உனக்கு என்ன சொல்லி வெச்சிருக்காங்க? பொகையப் பாத்துட்டு உதவிக்கு ஓடி வந்தான்னு. இல்லையா? அப்படித்தான் நானும் சொன்னேன் எல்லார்கிட்டயும். ஓடி வந்தது நெசம். உதவிக்குங்கறதும் நெசம். எங்கேருந்து ஓடி வந்தான்னுதான் நான் யாருகிட்டயும் சொல்லல.

வெர்ன், உங்கப்பன் முகட்டுலேருந்து வந்தான்.

கைய எடு. தீப்பெட்டியத் தொடாத. தொடாதன்னு சொன்னேன்! பொய்யா? நான் எதுக்குப்பா பொய் சொல்லணும்? இந்தப் பொய்யச் சொல்லணும்னா பதினாறு வருஷம் முன்னாடியே சொல்லியிருப்பேனே, எனக்கு எவ்வளவு சௌகரியமா இருந்திருக்கும். சர்ச்சுல பெஞ்சு நெறஞ்சிருக்கும். உட்காரு. நிக்கிறதுன்னா நில்லு, ஆனா குச்சிய எடுக்காத.

அவன் சாயங்காலம் வரைக்கும் உசிரோட இருந்தான். ஈரச் சாக்குல போத்தி வெச்சேன், வேற என்ன பண்ண? டாக்டர் வர்றதுக்கு ரோடே எரிஞ்சுக்கிட்டு இருந்துச்சு. அவனேதான் சொன்னான். ஓரின், நாந்தான் வெச்சேன். உன் குளிர்காலப் புல்லு மட்டும் போவட்டும்னு நெனச்சேன், காத்து திரும்பும்னு தெரியாது. வெச்சுட்டுத் திரும்பிப் பாக்கறேன், கீழ உன் பொண்ணு உட்கார்ந்திருக்கான்னான். குதிரை எறங்கமாட்டேன்னு நின்னுடுச்சாம். அப்படியே விட்டுட்டு, கால்நடையா, தீக்கு முன்னாடி ஓடி வந்திருக்கான். அந்தச் செங்குத்துல. நான் எளவயசுல மலையாட்டத் தொரத்துனவன் தம்பி, எனக்கு அந்தச் செங்குத்து தெரியும். அதுல எவனும் ஓடமாட்டான்.

அப்புறம் ஒண்ணே ஒண்ணு கேட்டான். பையனுக்குத் தெரிய வேணாம்னான்.

நான் என்ன சொல்லியிருக்கணுங்கற? அவன் மேல எனக்கு அப்பவும் ஆத்திரம்தான். மாட்டுல பாதி போச்சு, வீடு போச்சு, பக்கத்துல ரெண்டு பேரு வீடும் போச்சு. பொடனியில வெச்சு நாலு அற அறையணும் போல இருந்துச்சு. ஆனா அந்தப்பக்கம் டெஸ்ஸி ஈரத்துணியோட உட்கார்ந்து அவனையே பாத்துக்கிட்டு இருக்கா. அவன் எனக்கு அப்படி ஒண்ணச் செஞ்சுட்டான். நான் அவனுக்குக் கொறஞ்சு போயிடணுமா? லூதர் ஹாலம்கிட்ட நான் எதுலயும் தோத்ததில்ல. அதான், ஜனங்க வந்து எப்படிப் பத்திக்கிச்சுன்னு கேட்டப்ப, சூடு போட்ட நெருப்பு, நாந்தான் கவனிக்கலன்னுட்டேன். அவ்வளவு சுலபமா வாய்ல வந்துச்சு. அதுக்கப்புறம்தான் தெரிஞ்சுது அந்தப் பொய் எவ்வளவு நீளம்னு.

முகட்டுல அவன் டின்னக் கண்டெடுத்தேன், பாதி உருகி. ஊத்துல ஒரு எடம் சேறா இருக்கும், அதுல அமுக்கினேன். வேலியையும் பிரிச்சுட்டேன் அந்த வருஷமே. உன் மாடு இன்னைக்கு வரைக்கும் அங்கதான் தண்ணி குடிக்குது, கவனிச்சிருக்கியா? ஏன் பிரிச்சான்னு நீ யோசிக்கல. பயந்துட்டான்னு நெனச்சிருப்ப.

டெஸ்ஸிக்குத் தெரியும். பெரியவளானதும் கேட்டா, சொன்னேன். நீ டான்ஸுக்கு வந்த எடத்துல அவ மேல எச்சி துப்பினியே போன வருஷம், தொடச்சுக்கிட்டு வீட்டுக்கு வந்து படுத்துட்டா. ஒரு வார்த்த உன்னைப் பேசல. அவளுக்கு உங்கப்பன் மொகம் ஞாபகம் இருக்காம். உனக்கு அதே மொகம்ங்கறா.

இதயெல்லாம் நான் சாகற வரைக்கும் சொல்லியிருக்க மாட்டேன். உன் மேல இரக்கப்பட்டு இல்ல. வாக்கு குடுத்தாச்சு. ஆனா இன்னைக்கு நீ அதே வேலைக்கு, அதே மாதிரி காத்துல, அப்படியே அவன் நடையோட வந்து நிக்கற. ரெண்டாவது ஹாலத்த நான் சாக்குல சுத்தறதா? வயசாயிடுச்சுப்பா எனக்கு.

நம்பலன்னா நம்பாத. நீ என்னை ஒண்ணு கேக்கவே இல்ல பாரு. சந்தை அன்னைக்கு, வேலையெல்லாம் விட்டுட்டு, கெழவன் எதுக்குக் கொட்டகை வாசல்ல நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கான்? நீ வர்றது எனக்கு எப்படித் தெரியும்?

உங்கம்மா சொன்னா.

ம். எட்னாதான். நீ டின்ன வண்டில ஏத்துனதப் பாத்திருக்கா. நீ வண்டிய ரோட்டு வழியா ஓட்டிட்டு வந்த. அவ முகட்டு வழியா குதிரைல வந்தா, சேணம்கூடப் போடாம, இந்த வயசுல. அவளுக்குத் தெரியும் தம்பி, மொதல்லேருந்தே தெரியும். தீ பத்துன அன்னைக்குக் காலைல உங்க வீட்டு வாசல்ல நின்னு அவன் கையிலேருந்து டின்னப் புடிச்சு இழுத்தவளே அவதான். இத்தன வருஷம் சர்ச்சுல என் பக்கம் திரும்பாம இருந்தாளே, அத எல்லாரும் கோவம்னு நெனச்சாங்க. நானும் அப்படித்தான் நெனச்சேன், இன்னைக்கு வரைக்கும்.

நான் சொன்னா அவன் கேக்கமாட்டான் ஓரின், அவன் அப்பன் கேட்டானா, நீ சொல்லிடுன்னா. உள்ள அடுப்படியில உட்கார்ந்திருக்கா. காபி வெச்சுக் குடுத்தேன், தொடல. போ. கதவு தொறந்துதான் இருக்கு.