தேன்பெட்டிக்கு வந்த வினை

— போனை நல்லா பிடி ஷைஜா. வனக்குழு குரூப்புக்கு நான் பேசுகத அப்படியே ரெக்கார்டு போடு, கேட்டியா.

— பிடிச்சாச்சு. செயலாளர் பேசுங்க.

— அன்பார்ந்த ஊர்மக்களே, வியாழக்கிழமை நம் மலைச்சரிவில் ஏற்பட்ட காட்டுத்தீயில் மரக்கன்றுகள் கருகின. புல்லின் வேர் வெந்துவிட்டது. முதல் மழைக்கே மேல்மண் கரைந்து ஓடைக்கு வரும். ஓடை கலங்கினால் கிணறும் கலங்கும். இத்தீ தானாக வரவில்லை. தேனீக்குப் புகை போட்டுவிட்டு, ஆன்ட்ரூஸ் என்பவர் அணைக்காமல் விட்ட தேங்காய்க் கதம்பை நாரே காரணம்...

— எங்க அண்ணன் உங்களுக்கு எப்பம் முதல் 'என்பவர்' ஆனாரு?

— பொதுக்காரியத்துல அளியன், மச்சான் எல்லாம் கிடையாது, கேட்டியா.

— ரப்பர் தளிர் விடுக சமயம். வருஷத்துல தேன் வாரதே இப்பந்தான். இப்பம் அந்தியாச்சு, தேனீயும் கூடடைஞ்சாச்சு. கமிட்டிக்காரங்க பெட்டிய எல்லாம் டெம்போல ஏத்திட்டா அண்ணன் என்ன செய்வாரு?

— காட்டோரத்துல இனி பெட்டி வைக்கக் கூடாதுண்ணு கமிட்டி முடிவு. நான் என்ன செய்ய?

— சரி. சும்மா ஒண்ணு கேக்கேன். உங்க கீழுதடு எப்படிப் பொள்ளிச்சு?

— காப்பி. சூடா குடிச்சிட்டேன்.

— காப்பிக்கு விரல் நுனியும் கறுக்குமோ?

— அது வண்டி கிரீஸாக்கும்.

— நான் அண்டி ஆபீஸ்ல முந்திரி உடைச்சவளாக்கும். அண்டித்தோட்டு எண்ணெய் பட்டுப் பொள்ளின உதடு எனக்குத் தெரியாதா?

— மெதுவா பேசு ஏட்டி.

— கொழுப்பு கூடுதல், அண்டிப்பருப்பு தின்னப்பிடாதுண்ணு டாக்டர் சொன்னாரே. எங்க வச்சு சுட்டிய?

— பாறைக்கு கீழ.

— காஞ்ச சருவுக்குள்ளயா?

— சருவு கூட்டி நெருப்பு வச்சாத்தான் அண்டி நல்லா வேகும். கொஞ்சம் போல தான், கேட்டியா. வெந்ததும் மண்ணைப் போட்டு மூடத்தான் இருந்தேன். அதுக்குள்ள நீ புல்லறுக்க வாற சத்தம் கேட்டுது.

— என்னப் பயந்து ஓடினியளா?

— அந்தப் பக்கமா சாடிட்டேன். நீ போன பெறவு திரும்பி வந்து பாத்தா, காத்து பிடிச்சு தீ பாதிச் சரிவு ஏறியாச்சு. ஆனா பச்சைக் கொப்பு ஒடிச்சு முதல்ல அடிச்சது நான்தான், அதையும் சொல்லணும்.

— முதல்ல வச்சதும் நீங்கதானே.

— ஒரு முயல் கரிஞ்சு கிடந்துது ஷைஜா. அதப் பாத்ததுல இருந்து எனக்குச் சோறு இறங்கல்ல.

— அதுக்கு அண்ணன் மேல பழி போடுகதா?

— ஆளாளுக்கு எப்படி எப்படிண்ணு கேட்டானுவ. வாயில வந்துட்டு. தீத்தடுப்பு பற்றி ஊர் ஊராப் பேசுகவன், பொண்டாட்டியப் பயந்து மலையக் கொளுத்திட்டேன்னு எப்படிச் சொல்ல? ஊரு சிரிக்கும்.

— ஊரு சிரிக்கட்டு. அண்ணன் அழப்பிடாது.

— சரி, சரி. நாளைக்கு நானே சொல்லுகேன். இப்பம் அந்த ரெக்கார்டை அழிச்சிரு.

— ரெக்கார்டு யாரு போட்டா? நான் அண்ணனுக்குப் போன் போட்டில்லா பிடிச்சிட்டு இருக்கேன். அண்ணா, கேக்குதா?

— கேக்குது மக்கா, ஸ்பீக்கர்லதான் போட்டிருக்கேன். அளியா, பெட்டி ஏத்த வந்த கமிட்டிக்காரங்க எல்லாரும் எனக்க முற்றத்துலதான் நிக்காவ. ஏத்தின பெட்டிய இப்பம் சிரிச்சிட்டே கீழ இறக்குகாவ. நீயும் வந்து ஒரு கை பிடி. வரும்போ, மிச்சம் இருக்க அண்டியையும் எடுத்துட்டு வா.